‘இஃப்’ வகுப்பில் ஷைனி சொன்ன பதில்

ஷைனி அன்று வகுப்பில் பயிற்சிக்காக ஒரு பதில் சொன்னாளா, அல்லது எனக்கு மட்டும் புரியட்டும் என்று ஒரு செய்தி சொன்னாளா? இந்தக் கேள்விக்கு இன்றுவரை என்னிடம் பதில் இல்லை. பதில் தெரிந்தவள் ஒருத்திதான். அவளிடம் கேட்டும் பார்த்துவிட்டேன்.

இந்த மாதத்தோடு நான் வகுப்பை விடுகிறேன். மகள் பள்ளிக்குப் போக ஆரம்பிக்கிறாள். காலை பேட்ச், மாலை பேட்ச் என்று இனி என்னால் ஓட முடியாது. “போறதுக்கு முன்ன புதுசா வர்ற டீச்சர்மாருக்கு உன் அனுபவத்தை எழுதிக் கொடு, அவங்களுக்கு உபகாரப்படும் கேட்டோ” என்றார் நம் ஒருங்கிணைப்பாளர் மேடம், தன் மலையாளம் கலந்த தமிழில். இலக்கணம் எப்படி நடத்துவது என்பது உங்களுக்கே தெரியும். என்னைவிட நன்றாகவும் தெரிந்திருக்கும். அதனால் இந்த ஒரு விஷயத்தை மட்டும் எழுதுகிறேன். ஷைனி என்பது அவளுடைய உண்மைப் பெயர் இல்லை.

நம்மிடம் வருகிறவர்களில் பெரும்பாலோர் நர்ஸுகள். வெளிநாட்டு வேலைக்கான ஆங்கிலத் தேர்வில் பேச்சுப் பகுதிதான் அவர்களுக்குப் பயம். அதற்காகத்தான் ‘இஃப்’ வகுப்பு. “இப்படி நடந்தால் என்ன செய்வீர்கள்?”, “அப்படி நடந்திருந்தால் என்ன செய்திருப்பீர்கள்?” என்று ஆளுக்கொரு கேள்வி. உட்கார்ந்து யோசித்துப் பேச வேண்டும். வாக்கியம் சரியாக இருந்தால் போதும், சொல்வது உண்மையாக இருக்க வேண்டியதில்லை என்று முதல் நாளே சொல்லிவிடுவோம்.

நான் சேர்ந்த புதிதில் ஒரு மாணவியிடம், “உலகத்தில் எங்கே வேண்டுமானாலும் வாழலாம் என்றால் யாரைக் கூட்டிக்கொண்டு போவீர்கள்?” என்று கேட்டேன். கணவன், குழந்தை என்றாள். மாமியாரைச் சொல்லவில்லை. வகுப்பில் அவளுடைய சர்ச்சைச் சேர்ந்த இன்னொருத்தி இருந்தாள். அடுத்த வாரம் மாமியாரே மாடிப்படி ஏறி வந்துவிட்டார்.

“என்னைய விட்டுட்டுப் போவணும்னு இங்க வச்சுத்தான் படிச்சுக் குடுக்கியளா?”

அப்போது என்னோடு வகுப்பெடுத்த மூத்த ஆசிரியை அந்த அம்மாளை நாற்காலியில் உட்கார வைத்து, தண்ணீர் கொடுத்து, அதே கேள்வியை அவரிடம் கேட்டார். “அம்மா, உங்களுக்கு எங்க வேணும்னாலும் போலாம்னா யாரைக் கூட்டிட்டுப் போவீங்க?”

அந்த அம்மாள் யோசிக்கவே இல்லை. “ஒருத்தரையும் கூட்ட மாட்டேன். நான் தனியாட்டு போவேன்.”

வகுப்பே சிரித்தது, மருமகளும் சேர்ந்து. அன்றைக்குத்தான் மூத்த ஆசிரியை அந்த விதியைப் போட்டார்: ‘இஃப்’ போட்டுச் சொன்னது இந்தப் படியைத் தாண்டி இறங்கக் கூடாது. யாரும் யாரிடமும் போய்ச் சொல்லக் கூடாது. ஆசிரியர் அதைப் பற்றி வெளியே விசாரிக்கவும் கூடாது. நீங்களும் இந்த விதியைத்தான் முதல் நாள் வாசிக்கப் போகிறீர்கள். இதை எழுதுவதால் நான் விதியை மீறுகிறேனா என்று யோசித்தேன். நீங்களும் படிக்கு இந்தப் பக்கம் இருப்பவர்கள்தானே என்று சமாதானம் செய்துகொண்டேன்.

இந்த வகுப்பில் எனக்கு எப்போதும் சந்தேகம் தருவது வழவழப்பான பதில். மாதிரி விடைகளை மனப்பாடம் செய்துவிட்டு வருவார்கள். முதியவர் மருந்து வேண்டாம் என்றால் என்ன செய்வாய் என்று கேட்டு முடிப்பதற்குள், “நான் அவருடைய உணர்வுகளை மதித்து” என்று ஆரம்பித்துவிடுவார்கள். தடுமாறிப் பேசுகிறவர்களைத்தான் நான் நம்புவேன். வார்த்தை தேடுகிறார்கள் என்றால் உள்ளே ஏதோ ஒன்று இருக்கிறது என்று அர்த்தம். ஷைனி அப்படித் தடுமாறுகிறவள். பாறசாலைப் பக்கத்துத் தமிழ்க் குடும்பம். பள்ளிப் படிப்பு மலையாளம், வீட்டில் தமிழ், கிளினிக்கில் இரண்டும். ஆங்கிலத்தை மூன்றாவது அறையில் போய்த் தேடி எடுத்துவருவது போல எடுத்துவருவாள்.

அவள் வேலை பார்த்தது ‘சாலை’ என்கிற கடைத்தெருவுக்குப் பின்னால் ஒரு குழந்தைகள் கிளினிக்கில். எங்கள் வீடும் அந்தப் பக்கம்தான். என் கணவருக்கு அங்கே பாத்திரக் கடை. ஒரு சனிக்கிழமை என் மகள் மீனுவுக்கு இளைப்பு வந்து நெஞ்சு விசில் அடித்தது. வேறு டாக்டரிடம் போயிருக்கலாம். ஷைனி இருக்கிறாளே என்ற தைரியத்தில் அங்கே போனேன்.

மழை, கூட்டம், எல்லாக் குழந்தைகளுக்கும் இருமல். டாக்டர் பார்த்துவிட்டு, புகை மருந்து வைக்கச் சொன்னார். ஷைனிதான் மீனுவின் முகத்தில் மாஸ்க் வைத்தாள். பக்கத்து நாற்காலியில் ஏழெட்டு வயதுப் பெண் ஒருத்தியும் அதே மருந்துக்காக உட்கார்ந்திருந்தாள். நான் வழக்கம்போல் கேள்வி கேட்டேன். இது என்ன மருந்து? எவ்வளவு? இந்த வயதுக்குச் சரியா? பிறகு மீண்டும் அதையே. கைப்பையிலிருந்து என் தெர்மாமீட்டரை எடுத்து நானும் ஒரு முறை பார்த்துக்கொண்டேன். கிளினிக் தெர்மாமீட்டரை நான் நம்புவதில்லை.

மருந்து முடியும் நேரத்தில் மீனுவின் விரல்கள் நடுங்கின.

“ஷைனி, கை நடுங்குதே?”

“அது இந்த மருந்துக்கு அப்படித்தான் மிஸ்ஸே. கொஞ்ச நேரத்துல மாறும். பேடிக்கண்டா.” பயப்படாதீர்கள் என்று மீனுவின் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டே சிரித்தாள்.

வீட்டுக்கு வந்து சேர்வதற்குள் நடுக்கம் நின்றுவிட்டது. மீனு தோசை கேட்டாள். நானும் மறந்துவிட்டேன்.

திங்கட்கிழமை ‘இஃப்’ வகுப்பு. சீட்டுக் குலுக்கி எடுத்த கேள்வி: வேலையில் நீங்கள் ஒரு தவறு செய்து, அதை யாருமே கவனிக்கவில்லை என்றால் என்ன செய்வீர்கள்? வரிசையாக எல்லோரும் ஒரே பதில். உடனே மேலதிகாரியிடம் தெரிவிப்பேன், உடனே எழுதிக் கொடுப்பேன். வித்துராவிலிருந்து வரும் அனீஷ் மட்டும், “மிஸ்ஸே, நான் முதல்ல ஒரு சாயா குடிக்கும். பின்ன தெரிவிக்கும்” என்றான்.

“ஆங்கிலத்துல சொல்லு.”

சாயா வரைக்கும் ஆங்கிலத்தில் சரியாகச் சொன்னான்.

பிறகு ஷைனி. ஆங்கிலத்தில் நிறுத்தி நிறுத்திச் சொன்னாள். தமிழில் எழுதினால் இப்படி வரும். “ரெண்டு குழந்தைகள் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தால், கூட்டமாக இருந்தால், பெரிய குழந்தைக்கு எடுத்து வைத்த மருந்தை நான் சின்னக் குழந்தைக்கு வைத்துவிட்டால், அடுத்ததை எடுக்கும்போதுதான் எனக்குத் தெரியவரும். குழந்தை நன்றாகத்தான் இருக்கும். நான் அதன் நாடியைப் பார்ப்பேன். சிரிப்பேன். அந்த அம்மா பைக்குள் தெர்மாமீட்டர் வைத்துக்கொண்டு வருகிற அம்மாவாக இருந்தால், சொல்ல எனக்குப் பயமாக இருக்கும். அவர் கேட்கிறவரை காத்திருப்பேன்.”

வகுப்பில் ஒரே சிரிப்பு. என் பைக்குள் தெர்மாமீட்டர் இருப்பது அவர்கள் எல்லோருக்கும் தெரியும். யாராவது தும்மினாலே எடுத்துவிடுவேன்.

“மிஸ்ஸே, அது மிஸ்தானே!” என்று அனீஷ் மேஜையைத் தட்டினான். ஷைனியும் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். நானும் சிரித்தேன். அவள் வாக்கியத்தைப் பலகையில் எழுதினேன், ஒரு திருத்தம் போட்டேன், அடுத்த ஆளைக் கூப்பிட்டேன். அந்த ஆள் பேசியதில் ஒரு வார்த்தைகூட என் காதில் விழவில்லை. அந்தச் சனிக்கிழமை தட்டில் மருந்து அளந்து ஊற்றிய கிண்ணம் ஒன்று இருந்ததா, இரண்டு இருந்தனவா? இரண்டு என்று ஞாபகம் வந்தது. அது ஞாபகமா, அவள் சொன்னதைக் கேட்ட பிறகு நானே வரைந்துகொண்ட படமா என்று தெரியவில்லை. மணிக்கட்டைப் பிடித்தது மட்டும் நிச்சயம். ஆனால் மணிக்கட்டைப் பிடிப்பது நர்ஸின் வேலைதானே?

வகுப்பு முடிந்ததும் மாடிப்படியில் அவளை நிறுத்தினேன். விதி எனக்கு மறக்கவில்லை.

“ஷைனி, இன்னைக்கு நீ சொன்னது நடந்ததா?”

அவள் குடையை விரித்து மடக்கினாள். “மிஸ் கேக்குறதா, மீனுக்க அம்மா கேக்குறதா?”

“மீனுவோட அம்மா.”

“அப்படின்னா கிளினிக்குல வந்து கேளுங்க மிஸ்ஸே. நான் டியூட்டியில இருக்கும்போ கேளுங்க. இங்க நான் ஸ்டூடண்ட் ஆக்கும்.” பிறகு குரலைத் தணித்து, “மிஸ்தானே சொன்னது, இஃப் போட்டா எதுவும் சத்தியம் இல்லைன்னு” என்றாள்.

நேர்மையான ஆள் பேசுகிற பேச்சாக அது எனக்குப் பட்டது. படி இறங்கியதும் வேறு மாதிரி பட்டது. ஒரு நாள் அவகாசம் வாங்கிக்கொண்டாளோ? சரிசெய்ய வேண்டியதைச் சரிசெய்ய அவளுக்கு ஒரு நாள் போதாதா?

விதியை மீறி, வீட்டில் கணவரிடம் மட்டும் சொன்னேன். “உன்னைக் கிண்டல் பண்ணியிருக்கா, அவ்வளவுதான்” என்றார். “பிள்ளை ஓடியாடிட்டு இருக்கு. நீ இப்பப் போய்க் கேட்டு, அந்தப் பொண்ணுக்கு வேலை போச்சுன்னா? வெளிநாட்டுக்குப் போக எக்ஸ்பீரியன்ஸ் சர்டிபிகேட் அவங்கதான தரணும்?”

“மருந்து மாறியிருந்தா?”

கொஞ்ச நேரம் கழித்துப் பார்த்தால், அவர் மீனுவை மடியில் வைத்து ‘நண்டூருது நரியூருது’ விளையாடுகிற சாக்கில் அவள் மணிக்கட்டில் விரல் வைத்து, சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இங்கேதான் உங்களுக்குச் சொல்ல வேண்டியது. கிளினிக்குக்குப் போனால் என்ன கேட்பது என்று யோசித்தேன். வகுப்பில் சொன்னதைச் சொன்னால் விதி போகிறது. அவள் வேலையும் போகலாம். அதற்கப்புறம் எந்த மாணவியும் நம்மிடம் மனப்பாடப் பதிலைத் தவிர எதுவும் சொல்லமாட்டாள். ஒன்றும் கேட்காமல் விட்டால், என் பிள்ளையின் உடம்புக்குள் என்ன போனது என்று தெரியாமலேயே இருப்பேன். கடைசியில், என் கண்ணால் பார்த்ததை மட்டும் கேட்பது என்று முடிவு செய்தேன். கை நடுங்கியதை நான் பார்த்தேன். அதைக் கேட்க எனக்கு எந்த வகுப்பும் தேவையில்லை.

மறுநாள் மீனுவைத் தூக்கிக்கொண்டு போனேன். மேசையில் தலைமை நர்ஸ். பின்னால் அலமாரியில் ஷைனி எதையோ அடுக்கிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் கை நின்றது.

“எந்தா, மோளுக்கு சுகமில்லே?” என்றார் தலைமை நர்ஸ்.

“நல்லா இருக்கா சிஸ்டர். சனிக்கிழமை மருந்து வச்சப்ப கை நடுங்கிச்சு. கொடுத்த மருந்தும் அளவும் சரிதானான்னு பார்க்கணும்.”

அவர் கண்ணாடியைக் கழற்றினார். “சனியாழ்ச்ச நடந்நதினு இன்னா சோதிக்குந்நது?” சனிக்கிழமை நடந்ததற்கு இன்றைக்கா கேட்கிறாய் என்கிறார். என் முகத்தையே பார்த்துவிட்டு அடுத்த கேள்வியைப் போட்டார். “ஆரெங்கிலும் எந்தெங்கிலும் பறஞ்ஞோ?”

யாராவது ஏதாவது சொன்னார்களா? நான் ஷைனியைப் பார்க்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டேன். நினைத்த மாத்திரத்தில் பார்த்துவிட்டேன். தலைமை நர்ஸும் என் பார்வை போன பக்கம் திரும்பினார்.

“யாரும் சொல்லலை சிஸ்டர். நான் எல்லாத்தையும் ரெண்டு தடவை கேக்கிற ஆள். வீட்டுலயும் இதுக்குத் திட்டு வாங்குறேன்.”

அவர் சிரிக்கவில்லை. அப்போது ஷைனி அலமாரியை விட்டு வந்தாள். “சிஸ்டரே, டாக்டர் மீனுவை ஒருக்கா நோக்கட்டே” என்று சொல்லி, என் இடுப்பிலிருந்து மீனுவை வாங்கிக்கொண்டு உள்ளே போனாள். யாரும் சொல்லாமல் அவளாகவே. குற்றம் செய்தவள் டாக்டரிடம் தானே கொண்டுபோவாளா என்று ஒரு மனம். குற்றம் செய்தவள்தான் பயந்து கொண்டுபோவாள் என்று இன்னொரு மனம்.

டாக்டர் நெஞ்சில் குழாய் வைத்துக் கேட்டார், வயிற்றை அமுக்கினார், மீனுவிடம் ஒரு பாட்டுப் பாடச் சொன்னார். சனிக்கிழமை மருந்துச் சீட்டை வாங்கிப் பார்த்தார். எல்லாம் சரி, நடுக்கம் இந்த மருந்துக்கு வருவதுதான், பயப்பட ஒன்றுமில்லை என்றார். சீட்டில் மீனுவின் பெயருக்கு நேரே சரியான அளவும் ஷைனியின் கையெழுத்தும் இருந்தன. கொடுத்ததை எழுதினாளா, கொடுக்க வேண்டியதை எழுதினாளா என்று சீட்டைப் பார்த்து எப்படிச் சொல்வது?

வாசலில் ஷைனி மீனுவின் செருப்பு வாரை மாட்டிவிட்டாள்.

“கேட்டாச்சு அல்லே மிஸ்ஸே? சமாதானம் ஆச்சா?”

“நீ இன்னும் பதில் சொல்லலையே, ஷைனி.”

“டாக்டர் சொன்னாரே.” நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். “நான் வேற சொன்னா மிஸ் நம்புவீங்களா?”

உள்ளே யாரோ கூப்பிட, போய்விட்டாள்.

அதன் பிறகும் அவள் வகுப்புக்கு வந்தாள். ஒரு நாளும் தவறவிடவில்லை. ஆனால் ‘இஃப்’ வகுப்பில் அவள் பதில்கள் மாறிவிட்டன. உடனே தெரிவிப்பேன், உணர்வுகளை மதிப்பேன், குழுவோடு சேர்ந்து செயல்படுவேன். தடுமாற்றமே இல்லை. வகுப்பில் எல்லோரும் அவளுடைய முன்னேற்றத்தைப் பாராட்டினார்கள். நான் கேட்டதால்தான் இப்படி ஆனாளா? அல்லது இப்போதுதான் தேர்வுக்கு ஒழுங்காகத் தயாராகிறாளா? தேர்வில் நல்ல மதிப்பெண் வாங்கிவிட்டாள்.

மாணவர்கள் வேலை செய்கிற இடத்துக்கு உங்கள் குழந்தையைக் கொண்டுபோகாதீர்கள் என்று எழுதலாம் என்றுதான் ஆரம்பித்தேன். இந்த ஊரில் அது நடக்காது. எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும் யாராவது ஒருத்தர் “மிஸ்ஸே!” என்று கூப்பிடுவார். விதியை எடுத்துவிடுங்கள் என்று எழுதவும் மனம் வரவில்லை. அது இல்லாவிட்டால் ஷைனி அந்தப் பதிலைச் சொல்லியிருக்கவே மாட்டாள். நான் செய்ததில் எனக்குக் கொஞ்சமாவது நிம்மதி தருவது ஒன்றுதான்: பிள்ளையை டாக்டரிடம் காட்டினேன், அவள் வகுப்பில் சொன்னதை அங்கே சொல்லவில்லை. அதுவும் சரியா என்று கேட்டால், தலைமை நர்ஸ் திரும்பிப் பார்த்த அந்தப் பார்வை ஞாபகம் வருகிறது.

இது முடிந்துபோன கதை என்றால் உங்களைத் தொந்தரவு செய்திருக்க மாட்டேன். போன வாரம் ஷைனி வந்தாள். வெளிநாட்டில் ஒரு குழந்தைகள் ஆஸ்பத்திரியில் அவளுக்கு வேலை கிடைக்கப் போகிறது. வேலை செய்த இடத்தைச் சேராத ஒருவர் அவளைப் பற்றி நற்சான்று எழுத வேண்டுமாம். அதற்கு என் பெயரைக் கொடுத்திருக்கிறாள்.

“வேற யாரையாவது கேட்டிருக்கலாமே?” என்றேன்.

“கேக்கலாம் மிஸ்ஸே. சர்ச்சுல கேட்டா பாஸ்டர் கண்ணை மூடிட்டு எழுதித் தருவார். மிஸ் அப்படி எழுத மாட்டீங்க அல்லே. லேசுல யாரையும் நம்பாத ஆள். அதனால மிஸ் எழுதினா அதுக்கு ஒரு வில உண்டு.”

அவள் என்னைப் புகழ்ந்தாளா, சோதிக்கிறாளா என்று இதிலும் எனக்குத் தெரியவில்லை. அந்த ஆஸ்பத்திரி அனுப்பிய படிவத்தில் மற்ற கேள்விகளுக்கெல்லாம் எழுதிவிட்டேன். நேரம் தவறாதவள், பொறுமைசாலி, குழந்தைகளிடம் பிரியமானவள். எல்லாம் உண்மை. கடைசிக் கேள்வி மட்டும் காலியாக இருக்கிறது: உங்கள் சொந்தக் குழந்தைக்கு உடம்பு சரியில்லை என்றால், இவருடைய பொறுப்பில் விடுவீர்களா?

ஆம் என்று எழுதி, அங்கே ஒரு குழந்தைக்கு ஏதாவது ஆனால் என்னால் தாங்க முடியாது. இல்லை என்று எழுதினால், ஒருவேளை வெறும் கிண்டலுக்காக ஒரு பெண்ணின் வாழ்க்கையை நிறுத்தியவள் ஆவேன். அந்த இடத்தைக் காலியாக விட்டாலும் அவர்கள் அதை இல்லை என்றுதான் எடுத்துக்கொள்வார்கள். கணவர் ஆம் என்று எழுது என்கிறார். ஒருங்கிணைப்பாளர் மேடமோ, இது உன் மனசாட்சி என்று சொல்லிவிட்டு வேறு பேச்சுக்குப் போய்விட்டார்.

வெள்ளிக்கிழமைக்குள் அனுப்ப வேண்டும். உங்களில் சிலருக்குக் குழந்தைகள் இருக்கின்றன, சிலர் நர்ஸ் வேலையிலிருந்தே ஆசிரியர் வேலைக்கு வந்தவர்கள். நீங்கள் என் இடத்தில் இருந்தால் அந்தக் கட்டத்தில் என்ன எழுதுவீர்கள்? தயவுசெய்து சொல்லுங்கள். பதிலை நம் வாட்ஸாப் குரூப்பில் போட வேண்டாம். பழைய மாணவர்களும் அதில் இருக்கிறார்கள். எனக்குத் தனியாக எழுதுங்கள்.